தாழிக்குள் திரும்பிப் போனவள்

செம்பரம்பில் அந்த வருஷம் மழை பொய்த்தது, கருப்பட்டி விலை சரிந்தது, பரம்பு மேட்டில் தோண்டிய முதுமக்கள் தாழி ஒன்றிலிருந்து ஒரு பெண் உயிரோடு எழுந்து வந்தாள். இந்த மூன்றில் ஊர் அதிக நாள் பேசித் தீர்த்தது கருப்பட்டி விலையைத்தான்.

படம் இன்னும் வாய்பேசக் கற்றுக்கொள்ளாத காலம் அது. பாளையங்கோட்டை ஞானாதிக்கம் பம்பாய்க்குப் போய்க் காமிரா பிடிக்கக் கற்று, சென்னைப் பட்டணத்துப் படக் கம்பெனி ஒன்றில் வேலைக்குச் சேர்ந்து, அட்டையில் செய்த அரண்மனைகளையும் அரிதாரம் பூசிய ராஜாக்களையும் கயிற்றில் தொங்கிப் பறக்கும் நாரதர்களையும் எடுத்து எடுத்துச் சலித்துப்போய், உள்ளதை உள்ளபடி காட்டுகிற ஒரு படமாவது எடுத்துவிட்டுத்தான் கண்ணை மூடவேண்டும் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். அனுமந்த ராவ் என்கிற தனவந்தர், பழம்பொருள் பித்துப் பிடித்தவர், தாமிரபரணியின் பழைய கரையில் கிடந்த மேடு ஒன்றைத் தோண்ட உத்தரவு வாங்கி, தோண்டுவதை முதல் கூடை மண்ணிலிருந்து படமாக எடுக்கவேண்டும் என்று கம்பெனிக்கு ஆள் அனுப்பியபோது, யார் போவது என்று முதலாளி கேட்டு முடிப்பதற்குள் ஞானாதிக்கம் பெட்டியைக் கட்டிவிட்டார்.

மேடு ஊருக்கு மேற்கே செம்மண்ணும் சரளுமாகப் படுத்திருந்தது. அதற்கடியில் ஆள் உயரத் தாழிகள், சந்தைக்கு வந்த பானைகள் மாதிரி ஒன்றையொன்று இடித்துக்கொண்டு இருந்தன. ஆடு மேய்க்கிறவர்கள் காலில் அவற்றின் விளிம்பு தட்டும். தட்டினால் "மன்னிச்சுக்கிடுங்க" என்று சொல்லிவிட்டுப் போவார்கள். திறந்த தாழிகளிலெல்லாம் ஒரே மாதிரிப் பொருள்கள்தான் இருந்தன: முழங்கால் மடக்கிய எலும்பு, துருப்பிடித்த ஓர் ஈட்டிமுனை, கரிந்த நெல்லுமி, சின்னச் சின்னக் கலயங்கள். ராவ் அளந்தார், ஞானாதிக்கம் முக்காலிமேல் காமிராவை நிறுத்திக் கைப்பிடியைச் சுற்றினார், ஊர்ப் பெண்கள் மண் சுமந்தார்கள், எல்லாம் உள்ளது உள்ளபடி நடந்துகொண்டிருந்தது.

ஒருநாள் வெயில் ஏறும் நேரத்தில், மண் சுமக்கும் பெண்களுக்குத் தலைவி மாதிரி இருந்த மாடத்தி, மற்றப் பெண்களோடு சேர்ந்து பெரிய தாழி ஒன்றின் மூடியைப் பெயர்த்து நகர்த்தினாள். அந்த நேரம் பார்த்துக் காமிராவில் சுருள் தீர்ந்திருந்தது. ஞானாதிக்கம் வெளிச்சம் படாமல் புதுச் சுருளை மாற்றுவதற்காகக் கறுப்புப் பைக்குள் முழங்கை வரை கையை விட்டிருந்தார். அப்போது தாழிக்குள் முழங்காலில் முகத்தைப் புதைத்து உட்கார்ந்திருந்த பெண் தலையை நிமிர்த்தினாள், விளிம்பில் இரண்டு கையையும் ஊன்றினாள், தலைமுடியிலிருந்து மண் கொட்ட எழுந்து நின்றாள். கழுத்தில் சிவப்பு மணிகள் கிடந்தன. வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, பக்கத்தில் நின்ற மாடத்தியைப் பார்த்து, "நீர்" என்றாள்.

"ஏளா, தண்ணி கேக்கா பாரு. செம்ப எடுத்துட்டு வா" என்றாள் மாடத்தி, பின்னால் நின்றவளிடம். தன் தலையிலிருந்த சும்மாட்டுத் துணியை அவிழ்த்து உதறி அந்தப் பெண்ணின் மேல் போர்த்தினாள். யாரும் கூச்சலிடவில்லை. பூமிக்குள் அத்தனை பேர் உட்கார்ந்திருக்கிற ஊரில் ஒருத்தியாவது என்றைக்காவது எழுந்திருக்கத்தானே செய்வாள்.

ராவ் மட்டும் வாய் பிளந்து நின்றார். பிறகு திரும்பி, "எடுத்தீரா?" என்று கேட்டார்.

ஞானாதிக்கத்தின் கைகள் இன்னும் பைக்குள் இருந்தன. அந்தக் கைகளோடு அப்படியே அந்தப் பைக்குள் முழுசாக இறங்கிவிட முடிந்தால் எவ்வளவு நன்றாயிருக்கும் என்று அவருக்குத் தோன்றியது.

"இல்லை" என்றார்.

அவள் மாடத்தி வீட்டில் தங்கினாள். உலகம் தொடங்கின காலத்துக்காரி என்பதால் ஊர் அவளை முந்தினவள் என்று கூப்பிட்டது. அவள் பேச்சில் பாதி புரியவில்லை. மீதிப் பாதியில் சோறு, மழை, கை, ஆடு, தீ எல்லாம் அப்படியே இருந்ததைக் கண்டு பெண்களுக்குப் பெருமை தாங்கவில்லை. "நம்ம சோத்த அவளும் சோறுன்னுதாம்ளா சொல்லுதா" என்று தெருத் தெருவாகச் சொல்லிக்கொண்டு போனார்கள். ஞானாதிக்கத்தின் காமிராவைப் பார்த்த அன்றைக்கு அவள் அதன் உருண்டைக் கண்ணாடியைக் காட்டி, ஆந்தையைச் சொல்வதுபோல "கூகை" என்று சொல்லிச் சிரித்தாள். அன்றிலிருந்து ஊரும் அந்தப் பெட்டியைக் கூகை என்றது, ஞானாதிக்கம் கூகைக்காரர் ஆனார்.

ஊரில் மேலத்தெரு உண்டு, கீழத்தெரு உண்டு, இரண்டுக்கும் தனித்தனிக் கிணறு உண்டு. முந்தினவள் எந்தக் கிணற்றில் தண்ணீர் எடுக்கலாம் என்று கேள்வி வந்தபோது ஊர்த்தலைவர் சிவனணைந்தபெருமாள் வேப்பமரத்தடியில் உட்கார்ந்து நெடுநேரம் மீசையை நீவினார். அவள் எந்தச் சாதி என்று கேட்டால் அவளுக்கு அந்தச் சொல்லே தெரியவில்லை. எந்தச் சாமியைக் கும்பிடுவாய் என்று கேட்டால் மலையைக் காட்டினாள், மரத்தைக் காட்டினாள், கடைசியில் தலைவரின் வீட்டுக் கன்றுக்குட்டியைத் தடவிக்கொடுத்தாள். "தெருவெல்லாம் அவளுக்குப் பொறவு வந்ததுவே. பொறவு வந்தது முன்னால வந்தவள எப்படித் தடுக்கும்?" என்று தலைவர் தீர்ப்புச் சொன்னார். அதன்பிறகு முந்தினவள் இடுப்பில் குடத்தோடு எந்தத் தெருவிலும் நடந்தாள். அவளுக்கு வழி தெரியாது என்று சொல்லி மாடத்தி அவள் கையைப் பிடித்துக்கொண்டு கூடவே நடந்தாள். மாடத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு கீழத்தெருப் பெண்கள் இன்னும் நாலைந்து பேர் நடந்தார்கள். மேலத்தெருக் கிணற்றின் கல்படியில் கீழத்தெருக் குடம் உட்கார்ந்தது. யாரும் ஒன்றும் சொல்லவில்லை. சொல்ல வேண்டியவர்கள் அந்த நேரம் கருப்பட்டி விலையைப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

ஒவ்வொரு குடும்பமும் தங்கள் வம்சத்துக்கு மூத்தவள் அவள்தான் என்று சேவலும் தேங்காயுமாக வந்தது. அவள் சேவலை வாங்கிக் கழுத்தைத் திருகிச் சுட்டுத் தின்று, கொண்டுவந்தவர்களுக்கும் ஒரு துண்டு கொடுத்தாள். அவள் உண்மையாகத் துக்கப்பட்டது ஒரே ஒரு விஷயத்துக்குத்தான். மேட்டின்மேல் ஏறி நின்று ஆறு இருக்க வேண்டிய திசையில் பார்த்தாள். ஆறு அங்கே இல்லை, அது எப்போதோ தெற்கே நகர்ந்து போய்விட்டிருந்தது. அன்று முழுக்க அவள் சாப்பிடவில்லை.

இத்தனை பேர் வந்தார்கள், இத்தனை கேட்டார்கள். உன் பேரென்ன என்று ஒருவரும் கேட்கவில்லை. முந்தினவள் என்பதே போதும் என்று இருந்துவிட்டார்கள். ஞானாதிக்கமும் கேட்கவில்லை.

தினமும் காலையில் அவள் மேட்டுக்கு வருவாள். தான் எழுந்து வந்த தாழிக்குப் பக்கத்தில் ஒரு சின்னத் தாழி பாதி மண்ணுக்குள் இருந்தது. அதன் மூடியின்மேல் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பிறகு ராவிடம் வந்து அதைக் காட்டுவாள். தோண்டுவது போலக் கையால் செய்து காட்டுவாள். தன் வயிற்றைத் தொட்டு, பிறகு தாழியைத் தொடுவாள்.

"பிள்ளைய கேக்கா துரை. உள்ள பிள்ளை இருக்குங்கா" என்றாள் மாடத்தி.

"எலும்பு இருக்கும்" என்றார் ராவ். "எத்தனை தாழி பார்த்தாச்சு. இவள் ஒருத்தி எழுந்தது ஆண்டவன் செய்த பிசகு. அந்தப் பிசகு இரண்டு தடவை நடக்காது. அந்த எலும்பை இப்போ இவ கண்ணுல காட்டணுமா?"

ராவ் கெட்டவர் அல்ல, இரக்கத்தோடுதான் சொன்னார். ஆனால் அவருக்கு உறக்கம் போய்விட்டிருந்தது. உலகத்தில் எந்த ஆராய்ச்சிக்காரனுக்கும் கிடைக்காதது அவர் கண்முன்னால் நடந்தது, அது சுருளில் இல்லை. முந்தினவள் நடப்பதை, உண்பதை, தண்ணீர் எடுப்பதை ஞானாதிக்கம் எடுத்துக் காட்டட்டுமா என்று கேட்டபோது ராவ் கையை உதறினார்.

"ஒரு பொம்பளை தண்ணி எடுக்கறதைப் படம் எடுத்தா, ஒரு பொம்பளை தண்ணி எடுக்கறதுதான் தெரியும். இவள் தாழியிலேருந்து எழுந்ததுதான் விஷயம். மிஸ்டர் ஞானாதிக்கம், உம்மகிட்ட எத்தனை சுருள் பாக்கி?"

ஒன்றே ஒன்றுதான் பாக்கி இருந்தது. அடுத்தது பம்பாயிலிருந்து வந்து சேர நெடுநாள் ஆகும்.

"அவளைத் திரும்ப ஒரு தடவை உள்ளே உட்காரச் சொல்லும். மூடியைப் போடுவோம். எடுப்போம். எழுந்திருக்கட்டும். அவ்வளவுதானே?"

அவ்வளவுதான் என்று ஞானாதிக்கத்துக்கும் பட்டது. இது உள்ளதை உள்ளபடி எடுப்பதா என்று மனசில் ஒரு குரல் கேட்டது. நடந்ததைத்தானே மறுபடி நடத்துகிறோம், நடக்காததையா நடத்துகிறோம் என்று அதற்கு அவரே பதிலும் சொன்னார். அந்தப் பதிலுக்கு அடியில் இன்னொன்று இருந்தது. உலகத்தில் ஒரு காமிராக்காரனும் எடுத்திராத படம். அதை நினைத்தபோது அவருக்கு நாக்கில் எச்சில் ஊறியது. பின்னாளில் அவர் மறக்க முயன்றும் முடியாமல் போனது அந்த எச்சிலைத்தான்.

சேதி ஊருக்குத் தெரிந்ததும் ஊருக்குப் புதுச் சுறுசுறுப்பு வந்தது. செம்பரம்பு படத்தில் வரப்போகிறது, பட்டணத்தில் ஓடப்போகிறது, வெள்ளைக்காரத் துரைமார் நாற்காலியில் உட்கார்ந்து பார்க்கப்போகிறார்கள். பெட்டிக்குள் கிடந்த கல்யாணச் சேலைகளுக்கு வெயில் காட்டினார்கள். சிவனணைந்தபெருமாள் மீசைக்கு எண்ணெய் வைத்துக்கொண்டார். முந்தினவளைப் பார்க்கிறவர்களெல்லாம், "ஒருக்கா உள்ள இருந்துட்டு வந்திரு தாயி, என்ன கொறஞ்சு போச்சு?" என்றார்கள்.

அவள் தலையை ஆட்டி மறுத்தாள். சின்னத் தாழியைக் காட்டினாள்.

"மொதல்ல பிள்ளைய எடுத்துக் குடுங்கங்கா" என்று மாடத்தி ஞானாதிக்கத்திடம் வந்து சொன்னாள். "அவ கேக்கது ஞாயந்தானய்யா. அந்தச் சின்னதத் தொறந்து காட்டிட்டு உங்க கூகையைத் திருவுங்க."

"அதில் எலும்பைப் பார்த்துவிட்டால் அப்புறம் இவள் எதற்கும் உட்காரமாட்டாள் மாடத்தி."

"அப்படின்னா உட்காராம போட்டும்."

மாடத்தி அப்படிச் சொன்னாளே தவிர, அவளும் தன் சேலைக்கு வெயில் காட்டியிருந்தாள். பிறகு, "நீங்களே சொல்லிப் பாருங்க. உங்க பேச்ச நம்புவா" என்றாள்.

ஞானாதிக்கம் மேட்டுக்குப் போய் முந்தினவளுக்கு எதிரே குந்தி உட்கார்ந்தார். பெரிய தாழியைக் காட்டி, "முன் இது" என்றார். சின்னத் தாழியைக் காட்டி, "பின் அது" என்றார். காலம் எத்தனையோ சொற்களைத் தின்று தீர்த்திருந்தது, ஆனால் முன்னையும் பின்னையும் அது தொடவில்லை, அவளுக்குப் புரிந்தது. அவர் முகத்தை நெடுநேரம் உற்றுப் பார்த்தாள். பிறகு, "பொய்?" என்று கேட்டாள். அந்தச் சொல்லும் மாறாமல்தான் இருந்தது.

"இல்லை" என்றார் ஞானாதிக்கம்.

படம் எடுக்கும் நாளன்று மேட்டைச் சுற்றி ஊர் முழுவதும் பட்டும் சரிகையுமாக நின்றது. காமிரா முக்காலிமேல் ஏறியது. வெயில் சரியாக விழுந்தது. மாடத்தி முந்தினவளின் முழங்கையைப் பிடித்து அழைத்துவந்தாள், ஊர்த்தலைவர் மறுகையைப் பிடித்தார். அவள் தாழியின் விளிம்பைத் தாண்டிக் காலை வைத்தாள், நின்றாள், சுற்றிலும் இருந்தவர்களைப் பார்த்தாள், கடைசியில் காமிராவைப் பார்த்தாள். பிறகு முழங்காலை மடக்கி உட்கார்ந்தாள். நாலு பெண்கள் மூடியைத் தூக்கி வைத்தார்கள். கைப்பிடி ஒரே சீராகச் சுற்றிக்கொண்டிருந்தது. ஞானாதிக்கத்தின் கைக்கு அவ்வளவு நல்ல பழக்கம்.

ராவ் கையை அசைத்தார். மூடியை நகர்த்தினார்கள்.

யாரும் எழுந்திருக்கவில்லை. மாடத்தி எட்டிப் பார்த்தாள். முழங்கால் மடக்கிய எலும்பு இருந்தது, மற்றத் தாழிகளில் இருந்தது போலவே, மண் படிந்து, பழுப்பேறி, தொட்டால் உதிர்கிற மாதிரி. மாடத்தி அன்றைக்குக் கட்டிவிட்ட சுங்கடிச் சேலை மட்டும் புதுசாக அதன்மேல் கிடந்தது.

கைப்பிடி இன்னும் சுற்றிக்கொண்டிருந்தது. சுருள் தீர்ந்து, உள்ளே வால் பட்டுப் படபடவென்று அடிக்கிற சத்தம் கேட்டபிறகுதான் ஞானாதிக்கம் கையை எடுத்தார்.

ராவ் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு மண்ணில் உட்கார்ந்தார். "மூடிடுங்க" என்று மட்டும் சொன்னார். கூட்டம் கலையப் பார்த்தது. பட்டுச் சேலைகளின் சரசரப்பு அப்போது கேட்கச் சகிக்கவில்லை. மாடத்தி மண்வெட்டியை எடுத்தாள்.

"எதுக்கு மாடத்தி? இனி யாருக்குக் காட்ட?" என்று தலைவர் கேட்டார்.

"சொன்ன சொல்லு ஒண்ணு இருக்குல்லா" என்றாள்.

அவள் தோண்டத் தோண்ட ஞானாதிக்கமும் போய்க் கையால் மண்ணை வாரினார். சின்னத் தாழி வெளியே வந்தது. மூடியை எடுத்தபோது, உள்ளே ஒரு பெண்பிள்ளை, பால்பல் விழாத வயசு, மத்தியான உறக்கத்திலிருந்து எழுந்த மாதிரிக் கண்ணைக் கசக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. மாடத்தி அதைத் தூக்கி இடுப்பில் வைத்தாள். அது மாடத்தியின் முகத்தைப் பார்த்தது. தலைவரின் முகத்தைப் பார்த்தது. ராவின் முகத்தை, ஞானாதிக்கத்தின் முகத்தை, பட்டு உடுத்தி நின்ற ஒவ்வொரு முகத்தையும், ஒன்றுவிடாமல், தேடித் தேடிப் பார்த்தது.

"யாய்?" என்று கேட்டது.

அந்தச் சொல்லுக்கு யாரும் அர்த்தம் கேட்கவில்லை. கண் திறந்த பிள்ளை எந்தக் காலத்திலும் முதலில் கேட்பது தாயைத்தான். மாடத்தி ஒரு கையால் தன் முந்தானையை இழுத்து, திறந்து கிடந்த பெரிய தாழியின் வாயை மூடினாள்.

அதன்பிறகு செம்பரம்பில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கும் வழக்கம் நின்றுபோயிற்று. யாரும் முடிவெடுத்துச் செய்ததல்ல. தலை தானாகத் தாழ்ந்தது. காலைப் பார்த்து ஆளை அடையாளம் கண்டார்கள். பெண் பார்க்கப் போன இடத்தில் பாதத்தைப் பார்த்துவிட்டு வந்து சம்மதம் சொன்னார்கள். சந்தையில் வெளியூர்க்காரர்கள், "இந்த ஊர்க்காரங்க கீழ எதையோ தொலைச்சுட்டாங்க போலிருக்கு" என்றார்கள். கீழத்தெருப் பெண்கள் மேலத்தெருக் கிணற்றுக்குப் போவதும் நின்றது. யாரும் போகாதே என்று சொல்லவில்லை. பிடித்துக்கொண்டு போக ஒரு கை இல்லை, அவ்வளவுதான்.

பிள்ளை மாடத்தி வீட்டில் வளர்ந்தது. தன் பெயர் எயினி என்று அதுவே சொல்லிற்று. ஊர் வாயில் அது ஏணி ஆயிற்று. தாயின் பெயரைக் கேட்டபோது அதற்கு யாய் என்பதற்கு மேல் தெரியவில்லை. அப்போதுதான் ஊருக்கு உறைத்தது, அந்தப் பெயர் இனி யாருக்குமே தெரியப்போவதில்லை என்று. ஊரிலே நிமிர்ந்து முகம் பார்த்துப் பேசுகிற ஒரே ஆள் எயினிதான். மாடத்தி அவளிடம் எதையும் மறைக்கவில்லை. கேட்கிற வயசில் எயினி கேட்டாள், மாடத்தி முழுசாகச் சொன்னாள், தன் கை முழங்கையைப் பிடித்திருந்தது உட்பட.

படம் சென்னையில் திரையிடப்பட்டது. நாற்காலிகளில் துரைமார்களும் வக்கீல்களும் அவர்கள் மனைவிமார்களும் உட்கார்ந்திருந்தார்கள். ராவ் எழுந்து நின்று, பழங்காலத்தில் இறந்தவர்களைத் தாழியில் வைத்த முறையை ஊர்ப் பெண் ஒருத்தி நடித்துக் காட்டியிருக்கிறாள் என்று விளக்கம் சொன்னார். வேறு எதைச் சொன்னாலும் நம்பமாட்டார்கள்; அவருக்கே அந்தக் காலையை நம்பச் சிரமமாக இருக்கத் தொடங்கியிருந்தது. முந்தினவள் திரையில் விளிம்பைத் தாண்டிக் காலை வைத்தாள். "ரொம்ப இயற்கையாச் செய்யறா" என்று முன்வரிசையில் ஓர் அம்மாள் சொன்னாள். கைதட்டினார்கள். கடைசி நாற்காலியில் உட்கார்ந்திருந்த ஞானாதிக்கம் எழுந்து ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். இரண்டு கையையும் தொடைக்கடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சபை கலைந்த பிறகும் உட்கார்ந்திருந்தார்.

அவர் வேலையை விட்டுவிட்டுப் பாளையங்கோட்டைக்குத் திரும்பி, கிறிஸ்தவக் கோவிலுக்குப் பக்கத்தில் போட்டோக் கடை வைத்தார். கம்பெனி நொடித்துப்போய்ச் சுருள்களை வளையல் செய்கிறவர்களுக்கு எடைபோட்டு விற்றபோது, அந்த ஒரு டப்பாவை மட்டும் கெஞ்சி வாங்கிவந்து கட்டிலுக்கடியில் வைத்துக்கொண்டார். ஒருநாளும் திறக்கவில்லை. ஒருநாளும் எறியவும் இல்லை.

வருஷங்கள் கழித்து ஒரு முற்பகலில் மாடத்தி கடை வாசலில் வந்து நின்றாள், முடி நரைத்து, கையில் வெற்றிலைத் தாம்பாளத்தோடு. அவர் அவளைக் காலைப் பார்த்தே அடையாளம் கண்டார்.

"நம்ம ஏணிக்குக் கல்யாணம் ஐயா. வரணும்" என்றாள். அவளும் அவர் செருப்பைப் பார்த்தே பேசினாள். "அவ அவுக அம்மையப் பாக்கணுங்கா. உங்ககிட்ட இருக்காமே."

கல்யாணத்துக்கு முந்தின நாள் உச்சிவெயிலில், தலைவர் வீட்டில் கருப்பட்டி அடுக்கிவைக்கும் கிட்டங்கியின் சன்னல்களைச் சாக்கால் அடைத்து இருட்டாக்கினார்கள். ஒரு வேட்டியைக் கட்டினார்கள். ஞானாதிக்கம் கையால் சுற்றுகிற படமெந்திரம் ஒன்றை இரவல் வாங்கி வண்டியில் கொண்டுவந்திருந்தார். ஊர் முழுக்கக் கருப்பட்டி வாசத்துக்குள் நெருக்கியடித்து, தலை குனிந்து உட்கார்ந்தது. எயினி முன்னால் உட்கார்ந்தாள். நல்ல உயரம், கழுத்தில் மாடத்தி எடுத்துவைத்திருந்த தாயின் சிவப்பு மணிகள்.

ஞானாதிக்கம் வரும் வழியெல்லாம் யோசித்து ஓர் ஏற்பாடு செய்திருந்தார். சுருளைக் கடைசியிலிருந்து மாட்டி, கைப்பிடியை எதிர்ப்பக்கமாகச் சுற்றத் தொடங்கினார்.

வேட்டியின்மேல் தாழி தெரிந்தது. மூடி வந்து பொருந்தியது, பிறகு விலகியது. அதற்குள்ளிருந்து முந்தினவள் எழுந்தாள். முழங்கால் நிமிர்ந்து, நின்று, விளிம்பைத் தாண்டிக் காலை வெளியே வைத்து, மண்ணில் பின்னடி வைத்து நடந்தாள். கிட்டங்கிக்குள் ஒரு பெண் குலவையிட்டாள். ஒருத்தி தொடங்க எல்லோரும் குலவையிட்டார்கள். தலைவர் பல்லில்லாத வாயோடு அழுதார். ஆண்கள் எழுந்து நின்றார்கள், ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துச் சிரித்தார்கள், உனக்கு எப்போது முடி நரைத்தது என்று அண்ணன் தம்பியைக் கேட்டான். சுருள் தீர்ந்தது.

எயினி மட்டும் எழுந்திருக்கவில்லை.

"ஐயா, இது எப்படி?" என்று கேட்டாள்.

"கைப்பிடியைத் திருப்பிச் சுத்தினேன்மா."

"அப்ப நேராச் சுத்துனா?"

சத்தம் அடங்கிற்று. "வேண்டாந்தாயி" என்றாள் மாடத்தி.

"ஏன்? எங்கம்மை உள்ள போனால்லா?" எயினியின் குரலில் கோபம் இல்லை. "எனக்காவத்தான போனா. அது ஒண்ணுதான் அவ எனக்குச் செஞ்சது. அதை அழிச்சிட்டு இதைக் காட்டுதீயளே."

ஞானாதிக்கம் சுருளை எடுத்து நேராக மாட்டினார். பிறகு சுற்றினார்.

பட்டும் சரிகையுமாக ஊர் வேட்டியின்மேல் வந்து நின்றது. இளமையாக இருந்தார்கள். எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். மாடத்தியின் கை முந்தினவளின் முழங்கையில் இருந்தது. தலைவரின் கை மறுபக்கம் இருந்தது. நாலு பெண்கள் மூடியைத் தயாராகப் பிடித்திருந்தார்கள். கிட்டங்கிக்குள் ஒவ்வொருவரும் தங்கள் தங்கள் முகத்தைப் பார்த்தார்கள், குனிய முடியவில்லை. முந்தினவள் காலைத் தூக்கித் தாழிக்குள் வைத்தாள். சின்னத் தாழி இருந்த பக்கம் ஒருதரம் பார்த்தாள். அப்புறம் நிமிர்ந்து, வேட்டியிலிருந்து நேராக எயினியைப் பார்த்தாள்.

"ஊரே இருக்கு" என்றாள் எயினி மெதுவாக, திரையைவிட்டுக் கண்ணை எடுக்காமல். "உங்களக் காணமே ஐயா. நீங்க எங்க நின்னீய?"

"அவங்க பாக்கறாங்களே, அங்கே" என்றார் ஞானாதிக்கம்.

எயினி திரும்பி அவரைப் பார்த்தாள். அவளுக்குப் பின்னால் வேட்டியின்மேல் அவள் தாய் முழங்காலை மடக்கிக்கொண்டிருந்தாள். அவருக்கு முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டும் போலிருந்தது, ஓடிவிட வேண்டும் போலிருந்தது. ஆனால் சுற்றுவதை நிறுத்தினால் விளக்கின் சூட்டில் படம் தீப்பற்றிவிடும். அவள் பார்க்கப் பார்க்க, தானும் அவள் கண்ணைப் பார்த்துக்கொண்டே, மூடி வந்து பொருந்தும்வரை, அதற்குப் பிறகும், சுற்றிக்கொண்டே இருந்தார்.